மண்நட்சத்திரக் காளான்: நட்சத்திரத்தை விட்டுவிட்டு வாயைப் பார்த்து இனம் காணும் முறை

மண்நட்சத்திரக் காளானை அடையாளம் காண முயல்பவர்கள் செய்யும் முதல் பிழை, அதன் நட்சத்திரத்தையே பார்த்துக்கொண்டிருப்பது. கண்ணை இழுப்பது அதுதான், மறுக்க முடியாது. ஆனால் எத்தனை கதிர், எவ்வளவு அகலம், என்ன நிறம் என்பதெல்லாம் ஒரே மரத்தடியில் அருகருகே முளைத்த இரண்டு காளான்களுக்கு இடையிலேயே மாறும். நம்பத் தகுந்தவை மூன்று: நடுவில் இருக்கும் பையின் வாய், அந்தப் பை உட்கார்ந்திருக்கும் அடி, ஈரம் பட்டால் கதிர்கள் நடந்துகொள்ளும் விதம்.

நட்சத்திர வடிவம் ஏமாற்றும் என்பதற்குப் பெரிய சான்று இந்தக் காளான்களின் பெயர் வரலாறே. பூஞ்சையியலின் முன்னோடிகளில் ஒருவரான பெர்சூன் 1801இல் ஈரத்துக்குத் திறந்து மூடும் ஒரு காளானை, மண்நட்சத்திரங்களின் முதன்மைப் பேரினமான ஜியாஸ்ட்ரத்தில் சேர்த்து, 'ஹைக்ரோமெட்ரிகம்' என்று பெயரிட்டார். ஈரத்தை அளப்பது என்று பொருள். பார்ப்பதற்கு அச்சு அசலாக மற்ற மண்நட்சத்திரங்களைப் போலவே இருந்தது. 1889இல் அமெரிக்கப் பூஞ்சையியலாளர் மார்கன் அதைப் பிரித்து அஸ்ட்ரேயஸ் என்ற தனிப் பேரினமாக்கினார். இன்று அஸ்ட்ரேயஸ் வைக்கப்பட்டிருப்பது தொப்பிக்கு அடியில் துளைகள் கொண்ட பொலீட்டஸ் வகைக் காளான்களின் துறையில். ஜியாஸ்ட்ரம் இருப்பதோ முற்றிலும் வேறொரு கிளையில், நாற்றக்காளான்களுக்கு ஓரளவு உறவாக. உறவே இல்லாத இரண்டு குலங்கள் தனித்தனியாக நட்சத்திரமாக விரியக் கற்றுக்கொண்டிருக்கின்றன. ஆகவே 'நட்சத்திரம்' என்பது ஒரு வடிவத்தின் பெயர்தான், குலத்தின் பெயர் அல்ல.

உடலமைப்பு: எது எதற்கு இருக்கிறது

விரிவதற்கு முன் மண்நட்சத்திரம் ஓர் உருண்டை. சில இனங்களில் மேலே சிறு மூக்கு நீட்டிக்கொண்டு வெங்காயம் போல இருக்கும். இந்த உருண்டைக்கு இரண்டு உறைகள். உள்ளுறை மெல்லிய, காகிதம் போன்ற பை. வித்துத்தூள் முழுக்க அதற்குள்தான். வெளியுறை தடித்தது, அதுதான் பிளந்து கதிர்களாகிறது.

வெளியுறையை ஊன்றிப் பார்த்தால் மூன்று அடுக்குகள் தெரியும். வெளிப்புறம் மண்ணோடு தொடர்புள்ள பூஞ்சையிழை அடுக்கு. நடுவில் தோல் போன்ற நார் அடுக்கு. உள்பக்கம் சதை அடுக்கு: உப்பிய செல்களால் ஆனது, புதிதாக இருக்கும்போது வெளிர்நிறத்தில் ஆப்பிள் துண்டு போல நறுக்கென்று உடையும். விரிதலின் விசை இந்தச் சதை அடுக்கில்தான் இருக்கிறது. அது நீரை உறிஞ்சி உப்புகிறது, அதை ஒட்டியிருக்கும் நார் அடுக்கு நீளுவதில்லை. ஒரு பக்கம் நீண்டு மறுபக்கம் நீளாத பட்டை வளைந்துதானே ஆக வேண்டும்? உச்சியில் கீறல் விழுந்து கதிர்கள் வெளிப்புறமாக மடங்குகின்றன. சில இனங்களில் அவை முழுக்கப் பின்னால் வளைந்து, பையைச் சருகுக்கு மேலே தூக்கி நிறுத்தும்.

இப்படித் தூக்குவதற்குக் காரணம் மழைத்துளி. துளி பையின் மேல் விழுந்தால் மெல்லிய சுவர் அமுங்கி, துருத்தி போல வித்துத்தூளை வாய்வழியே ஊதி வெளியேற்றும். விலங்கின் கால் பட்டாலும், மேலிருந்து குச்சி விழுந்தாலும் இதே கதைதான்.

எங்கே, எப்போது தேடுவது

ஜியாஸ்ட்ரம் இனங்கள் மட்கை உண்பவை. மரத்தோடு அவற்றுக்கு நேரடி ஒப்பந்தம் இல்லை. தடித்த சருகு, மரத்தூர்களுக்கு இடையிலான குழிகள், புதர்வேலியின் அடி, பழைய மரத்தூள் குவியல், சுண்ணாம்பு கலந்த மணல் ஆகியவை அவற்றின் இடங்கள். மட்கிய கட்டையின் மீது பஞ்சு விரித்தது போன்ற வெள்ளைப் படலத்தில் கூட்டமாக முளைக்கும் சிறிய இனங்களும் உண்டு. ஜியாஸ்ட்ரம் ஷ்வைனிட்ஸி அந்த வகை. அஸ்ட்ரேயஸ் வேறு மாதிரி. அது உயிருள்ள மரத்தின் வேரோடு கூட்டுவாழ்வு நடத்துவது. மணற்பாங்கான, சத்துக் குறைந்த, திறந்த நிலத்தில் அதற்கு ஏற்ற மரங்களின் அருகேதான் வரும்.

மழைக்குப் பின் ஈரம் நின்ற வாரங்களில் புதியவை கிடைக்கும். ஆனால் தடித்த வெளியுறையும் காகிதப் பையும் எளிதில் அழுகாததால், விரிந்த காளான் மாதக்கணக்கில் அப்படியே கிடக்கும். வறண்ட பருவத்தில் கண்டெடுத்தால் அது அப்போது முளைத்தது என்று எழுதிவிடாதீர்கள். கண்டெடுத்த தேதி வேறு, முளைத்த காலம் வேறு.

ஒன்றைக் கண்டதும் நின்று, சுற்றி ஒன்றிரண்டு மீட்டர் பரப்பைப் பொறுமையாகப் பாருங்கள். பெரும்பாலும் தனியாக இருக்காது. விரியாத உருண்டை, புதிதாக விரிந்தது, முதிர்ந்து காய்ந்தது என்று மூன்று பருவமும் ஒரே இடத்தில் கிடைத்தால் பாதி வேலை முடிந்த மாதிரி. காய்ந்துபோன ஒற்றைக் காளானை மட்டும் வைத்து இனம் சொல்ல முயல்வதில்தான் பெரும்பாலான தவறுகள் நடக்கின்றன.

கையில் இருக்க வேண்டியவை

10 மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸ் கட்டாயம். அது இல்லாமல் வாய்விளிம்பைப் படிக்க முடியாது. மி.மீ. குறித்த அளவுகோல், கூரிய சிறு கத்தி, மென்மையான தூரிகை, காகித உறைகள், நசுங்காத சிறு டப்பா, பென்சில், குறிப்பேடு. பிளாஸ்டிக் பை வேண்டாம். ஈரம் அடைபட்டு ஒரே இரவில் பூசணம் பிடித்துவிடும், சதை அடுக்கு கூழாகிவிடும்.

படி 1: தொடுவதற்கு முன்

மேலிருந்து ஒன்று, தரைமட்டத்தில் பக்கவாட்டில் ஒன்று, வாயை மட்டும் நெருங்கி ஒன்று, சுற்றுப்புறத்தோடு ஒன்று. பறித்த பின் அடிப்புறம் ஒன்று. இந்த 5 படங்களில் எல்லோரும் விடுவது அடிப்புறத்தையும் வாயையும்தான். மேலிருந்து எடுத்த அழகான ஒற்றைப் படத்தை வைத்து எந்த வல்லுநரும் உறுதியாகப் பெயர் சொல்ல மாட்டார். சட்டத்துக்குள் அளவுகோல் இருக்கட்டும்.

பறிக்கும்போது கதிரைப் பிடித்து இழுக்காதீர்கள். கத்தியைச் சருகுக்கு அடியில் செலுத்தி, சுற்றியுள்ள மண்ணோடு சேர்த்துத் தூக்குங்கள். அடியில் ஒட்டியிருக்கும் மண்கிண்ணமே சில இனங்களுக்கு முதன்மை அடையாளம். இழுத்தால் அது மண்ணிலேயே தங்கிவிடும். இரண்டு அல்லது மூன்று போதும். எடுத்த குழியைச் சருகால் மூடிவிடுங்கள். பாதுகாக்கப்பட்ட பகுதியானால் அனுமதி இல்லாமல் எடுக்கக் கூடாது.

படி 2: உள்ளே பை இருக்கிறதா?

நட்சத்திரமாக விரிந்த எல்லாமே மண்நட்சத்திரம் அல்ல. நடுவில் தூள் நிறைந்த தனிப்பை இருந்தால் மட்டுமே மேலே போகலாம்.

பை இல்லாமல் தடித்த தோல் ஒழுங்கற்ற மடல்களாகப் பிளந்து, நடுவில் கரும்பழுப்புத் தூள் திறந்து கிடந்தால் அது ஸ்க்ளெரோடெர்மா பாலிரைசம் ஆக இருக்கலாம். கையகலம் வரை விரியும், முதல் பார்வையில் நன்றாகவே ஏமாற்றும். நடுவில் தூளே இல்லாமல் வெறும் கிண்ணமாக விரிந்திருந்தால் அது கிண்ணக்காளான் கூட்டத்தைச் சேர்ந்தது. டெக்சாஸிலும் ஜப்பானிலும் காணப்படும் கோரியோஆக்டிஸ் ஜியாஸ்டர் அப்படிப்பட்டது. தன் பெயரிலேயே மண்நட்சத்திரத்தைச் சுமந்துகொண்டிருக்கும் போலி! சிவந்த கைகளோடு நடுவில் வழவழப்பான கரும்பச்சைக் கூழும் பிண நாற்றமும் இருந்தால் அது அசெரோ ரூப்ரா, நாற்றக்காளான்.

மரத்தூளிலோ சாணத்திலோ 2–3 மி.மீ. அளவில் ஆரஞ்சு நிற நட்சத்திரமும் நடுவில் ஒரு கோளமும் தெரிந்தால் அது ஸ்ஃபீரோபோலஸ், பீரங்கிக் காளான். இது போலி அல்ல, ஜியாஸ்ட்ரத்தின் உண்மையான உறவினன். அதன் கிண்ணத்தின் உள்ளடுக்கும் நீரழுத்தத்தால்தான் திடீரென்று உள்வெளியாகப் புரள்கிறது. வேகம் மட்டும் வேறு. ஜியாஸ்ட்ரம் மெதுவாக விரிகிறது, இது வித்துக்கோளத்தைச் சில மீட்டர் தூரம் எறிந்துவிடுகிறது. சுவரிலும் வாகனங்களிலும் ஒட்டும் கரும்புள்ளிகளுக்கு இதுவும் ஒரு காரணம்.

படி 3: தண்ணீர்ச் சோதனை

காய்ந்த காளானை ஈரத்துணியில் சுற்றியோ ஆழமில்லாத நீரில் வைத்தோ கவனியுங்கள். அஸ்ட்ரேயஸ் ஆனால் பையை விரல்கள் போலப் பொத்தியிருந்த கதிர்கள் சில நிமிடங்களில் அசையத் தொடங்கி, ஓரிரு மணி நேரத்தில் முழுக்க விரிந்துவிடும். காயவிட்டால் மறுபடியும் பொத்திக்கொள்ளும். செத்து நாளான காளானிலும் இது நடக்கும். இது உயிரின் அசைவு அல்ல, அடுக்குகள் நீரை ஏற்று இறக்கும் இயந்திர வேலை மட்டும்.

இங்கே இரண்டு பொறிகள். ஒன்று, சாதாரண ஜியாஸ்ட்ரம்கூடக் காயும்போது கதிர்நுனி சற்றுச் சுருளும், நனைந்தால் நிமிரும். அதை 'மூடிக்கொண்டது' என்று எண்ணக்கூடாது. கதிர்கள் பையின் மேல் கவிந்து மறைத்தால்தான் அது உண்மையான மூடல். இரண்டாவது பொறி பெரியது: உண்மையாகவே திறந்து மூடும் ஜியாஸ்ட்ரங்களும் சில உண்டு. ஜியாஸ்ட்ரம் கொரோல்லினம், ஜியாஸ்ட்ரம் ஃப்ளோரிஃபோர்மே, ஜியாஸ்ட்ரம் கேம்பெஸ்ட்ரே போன்றவை. ஆகவே மூடுகிறது என்பதனாலேயே அஸ்ட்ரேயஸ் என்று முடிவுகட்ட முடியாது. வாயைப் பார்த்தே ஆக வேண்டும்.

படி 4: வாய்

இங்கே நேரத்தைச் செலவிடுங்கள். பையை மெல்லத் தூரிகையால் துடைத்துவிட்டு, பக்கவாட்டு வெளிச்சத்தில் லென்ஸ் வைத்துப் பாருங்கள்.

வாயென்று சொல்லத்தக்க அமைப்பே இல்லை, உச்சியில் ஒரு கிழிசலோ ஒழுங்கற்ற ஓட்டையோ மட்டும் இருக்கிறது. பையின் மேற்பரப்பு கம்பளித்துணி போலச் சொரசொரப்பு. கதிர்களின் உள்பக்கம் வெடித்த வயல் போலக் கட்டம் கட்டமாகப் பிளந்திருக்கிறது. அப்படியானால் அஸ்ட்ரேயஸ். ஆனால் நாள்பட்ட ஜியாஸ்ட்ரத்தின் வாயும் கிழிந்து இப்படியே ஆகிவிடும். கூட்டத்தில் இருப்பதிலேயே புதியதைத் தேர்ந்தெடுத்துப் பார்க்கச் சொல்வது இதற்காகத்தான்.

ஒரு வாய் அல்ல, உப்புக்குடுவை மூடி போலப் பல துளைகள் இருக்கின்றன. பையைத் தூக்கிப் பார்த்தால் ஒரு காம்புக்குப் பதில் பல மெல்லிய தூண்கள் தாங்குகின்றன. இது மைரியோஸ்டோமா, ஐயமே வேண்டாம். இந்தப் பேரினத்தில் மைரியோஸ்டோமா கோலிஃபோர்மே என்ற ஒரே இனம்தான் உலகெங்கும் இருப்பதாக நெடுங்காலம் நம்பப்பட்டது. மரபணு ஆய்வு 2017இல் அதைப் பல இனங்களாகப் பிரித்தது.

தெளிவான ஒற்றை வாய் இருந்தால் ஜியாஸ்ட்ரம். அதற்குள் இரண்டு பெரும் பிரிவு. முதல் பிரிவில் வாய் கொசுவம் வைத்தாற்போல ஆழமான மடிப்புகளோடு கூம்பாக எழும்பியிருக்கும். இரண்டாவது பிரிவில் மடிப்பு கிடையாது, மெல்லிய நார்கள் குவிந்து பட்டுநூல் குஞ்சம் போல இருக்கும். நார்வாயானால் இன்னொரு கேள்வி: நார்ப்பகுதியைச் சுற்றி ஒரு வட்டக்கோடு அல்லது நிறம் வேறான வளையம் எல்லை கட்டுகிறதா, அல்லது நார் பையின் சுவரோடு எல்லையில்லாமல் கலந்துவிடுகிறதா?

இந்த வட்டக்கோடுதான் சிக்கலுக்கெல்லாம் மூலம். ஈரத்தில் மங்கும், முதுமையில் அழியும், தூள் படிந்தால் மறையும். கோடு இல்லை என்று எழுதும் முன் காளானைக் காயவைத்துத் தூளைத் துடைத்து மறுபடி பாருங்கள். மடிப்புவாயில் இந்தத் தொல்லை குறைவு. நுனி ஒடிந்துபோனாலும் அடியில் வரிகள் தங்கிவிடும்.

படி 5: பையின் அடி

அடுத்த கேள்வி, பை நேராகக் கதிர்களின் மேல் உட்கார்ந்திருக்கிறதா, காம்பு இருக்கிறதா. புதிய காளானில் சதை அடுக்கு தடித்திருப்பதால் குட்டைக் காம்பு அதற்குள் புதைந்து காம்பே இல்லாதது போலத் தெரியும். காய்ந்தபின் சதை சுருங்க, காம்பு வெளிப்படும். ஆகவே இந்தக் கேள்விக்கு விடையைக் காட்டில் எழுதாமல், காய்ந்த மறுநாள் எழுதுங்கள். காம்பின் நீளத்தை மி.மீ.இல் அளந்துவிடுங்கள்.

பையின் கீழ்ப்பக்கத்தையும் பாருங்கள். சிலவற்றில் காம்பு தொடங்கும் இடத்தில் பாவாடை ஓரம் போல ஒரு விளிம்பு வளையம் இருக்கும். சிலவற்றில் கீழ்ப்பக்கம் முழுக்க ஆரவரிகள் ஓடும். சிலவற்றில் பையைச் சுற்றி, கதிர்களின் சதை அடுக்கு உடைந்து உருவான ஒரு சதைக்கிண்ணம் பையைத் தாங்கியிருக்கும். வளையம் பையின் பகுதி, கிண்ணம் கதிரின் பகுதி. இவ்விரண்டையும் குழப்புபவர்கள் நிறையப் பேர்.

படி 6: கதிர்களின் அடிப்புறம்

தலைகீழாகத் திருப்புங்கள். மண்ணும் சருகுத்துண்டும் அப்பி ஒட்டியிருந்தால் உருண்டை மண்ணுக்குள் வளர்ந்தது. சுத்தமாக, அடியில் ஒரு புள்ளியில் மட்டும் ஒட்டுக்குறி இருந்தால் சருகின் மேல் வளர்ந்தது. அடுத்து, கதிர்நுனிகள் எதையாவது பற்றிக்கொண்டு நிற்கின்றனவா என்று பாருங்கள். சில இனங்களில் வெளியுறையின் வெளியடுக்கு கிண்ணமாக மண்ணிலேயே தங்கிவிடும். உள்ளடுக்குகள் வளைவு போல மேலெழும்பி, கதிர்நுனிகள் அந்தக் கிண்ணத்தின் விளிம்பில் ஊன்றி நிற்கும். நான்கு கால் மண்டபம் போன்ற தோற்றம். 'ஃபோர்னிகேட்டம்' என்ற பெயருக்கே வளைவுடையது என்றுதான் பொருள்.

கதிர்களை இப்போதுதான் எண்ண வேண்டும், அதுவும் ஓர் எல்லையாக மட்டும். '4 முதல் 5' என்பதும் '6 முதல் 15' என்பதும் வேறுபடுத்த உதவும். 6க்கும் 7க்கும் இடையிலான வேறுபாட்டில் எதுவும் இல்லை.

அடிக்கடி எதிர்ப்படும் இனங்கள்

ஜியாஸ்ட்ரம் டிரிப்ளெக்ஸ்: பெரிய இனங்களில் ஒன்று, விரிந்தால் 5–12 செ.மீ. விரியாதபோது கூர்மூக்கு. நார்வாய், வட்டக்கோடு தெளிவு, காம்பு இல்லை. பையைச் சுற்றிச் சதைக்கிண்ணம். யுங்ஹுன் 1840இல் ஜாவாவிலிருந்து விவரித்த இனம் இது. உலகெங்கும் இதே பெயரில் வழங்குபவை ஒரே இனம் அல்ல என்பது இன்று தெளிவு. ஐரோப்பியக் காளானுக்கு ஜியாஸ்ட்ரம் மிச்செலியானம் என்ற பெயரைப் பலர் பயன்படுத்துகிறார்கள். கிண்ணம் எல்லாக் காளான்களிலும் உருவாவதில்லை. சதை உடையாமல் போனால் கிண்ணம் இல்லை. அந்த நிலையில் இதைக் கீழே உள்ள சாக்கேட்டம் என்று பெயரிடுவது மிகச் சாதாரணமாக நடக்கும் தவறு.

ஜியாஸ்ட்ரம் சாக்கேட்டம்: 2–5 செ.மீ. வெளியுறை பாதிவரை மட்டும் பிளந்து அடிப்பாகம் பை போலவே நிற்கும், அதற்குள் உள்பை அமிழ்ந்திருக்கும். நார்வாய், வட்டக்கோடு உண்டு, அடிப்புறம் பெரும்பாலும் சுத்தம். டிரிப்ளெக்ஸிலிருந்து பிரிக்க அளவையும், அருகில் கிடக்கும் விரியாத உருண்டையில் நீண்ட மூக்கு இருக்கிறதா என்பதையும் சேர்த்துப் பாருங்கள்.

ஜியாஸ்ட்ரம் ஃபிம்ப்ரியேட்டம் சாக்கேட்டத்தைப் போலவே அளவும் காம்பின்மையும் கொண்டது. ஆனால் வாயைச் சுற்றிக் கோடு இல்லை, அடிப்புறத்தில் சருகு ஒட்டியிருக்கும். ஜியாஸ்ட்ரம் ருஃபெசென்ஸிலும் கோடு இல்லை. அதற்குக் குட்டைக் காம்பு உண்டு, சதை அடுக்கு இளஞ்சிவப்பாகிறது.

மடிப்புவாய்க்காரர்களில் ஜியாஸ்ட்ரம் பெக்டினேட்டத்துக்கு நீண்ட காம்பும் பையின் கீழ்ப்பக்கத்தில் ஆரவரிகளும். ஜியாஸ்ட்ரம் ஸ்ட்ரையேட்டத்துக்குக் காம்பு தொடங்கும் இடத்தில் பாவாடை வளையம். வாயை மட்டும் பார்த்தால் இரண்டும் ஒன்றே. அடியைப் பார்த்தால் ஒரு நொடியில் பிரிந்துவிடும்.

ஜியாஸ்ட்ரம் மினிமம் 3 செ.மீ.க்குள் அடங்கும் சிறிய இனம், சுண்ணாம்பு மணலில் வரும். குட்டைக் காம்பு, கோட்டோடு நார்வாய். புதிய பையின் மேல் சர்க்கரைத் தூவல் போலப் படிகங்கள் மின்னும். அவை கால்சியம் ஆக்சலேட். மழை கழுவிவிட்டால் காணாமல் போகும், ஆகவே படிகம் இல்லை என்பதை மறுப்பாகக் கொள்ளக் கூடாது.

நிமிர்ந்து நிற்பவற்றில் ஜியாஸ்ட்ரம் ஃபோர்னிகேட்டம் பெரியது, வாயைச் சுற்றிக் கோடு இல்லை. ஜியாஸ்ட்ரம் குவாட்ரிஃபிடம் சிறியது, கோடு உண்டு, ஊசியிலை மரங்களின் சருகில் அதிகம். இரண்டுக்கும் பெரும்பாலும் 4 கதிர்.

அஸ்ட்ரேயஸ் ஹைக்ரோமெட்ரிகஸ் என்ற பெயரை எழுதும்போதும் எச்சரிக்கை தேவை. தாய்லாந்திலிருந்து அஸ்ட்ரேயஸ் ஓடொரேட்டஸ் 2004இலும், அஸ்ட்ரேயஸ் ஆசியாட்டிகஸ் 2007இலும் தனியாக விவரிக்கப்பட்டன. வட அமெரிக்கக் காளான்களிலிருந்து 2013இல் அஸ்ட்ரேயஸ் மார்கனியும் ஸ்மிதியும் பிரிந்தன. பேரினத்தை நிறுவியவரின் பெயர் கடைசியில் அதன் ஓர் இனத்துக்கே போய்ச் சேர்ந்தது.

படி 7: விரியாத உருண்டை

இதைப் படத்தால் அடையாளம் காண முடியாது. உச்சியிலிருந்து அடிவரை நேர்பாதியாக வெட்டிப் பாருங்கள். மண்நட்சத்திரமானால் தடித்த வெளியுறைக்கும் உள்ளே இருக்கும் கோளத்துக்கும் இடையே எல்லை தெளிவாகத் தெரியும். ஜியாஸ்ட்ரத்தில் கோளத்தின் நடுவே வெளிறிய நடுத்தூண் ஒன்று அடியிலிருந்து எழும்பி நிற்கும். அஸ்ட்ரேயஸில் அது இல்லை. உறைக்கு அடியில் வழுவழுப்பான ஜெல்லி அடுக்கு இருந்தால் நாற்றக்காளானின் முட்டை. ஒரே தடித்த தோலும் உள்ளே ஊதாக் கருமையும் இருந்தால் ஸ்க்ளெரோடெர்மா, அது நச்சு. வெட்டுமுகத்தில் தொப்பி, காம்பு, இதழடுக்கு ஆகியவற்றின் கோட்டுருவம் தெரிந்தால் அது அமானிட்டாவின் மொட்டாக இருக்கலாம். அந்தப் பேரினத்தில் உயிர்கொல்லிகள் உண்டு. இந்த வழிகாட்டி இனம் காண்பதற்கு மட்டும், தின்பதற்கு அல்ல.

முதிர்ந்த பையை முகத்தருகே வைத்து அழுத்தி ஊதவைக்கும் விளையாட்டும் வேண்டாம். உருண்டைப் புழுதிக்காளான்களின் தூளை அதிக அளவில் சுவாசித்ததால் வரும் நுரையீரல் அழற்சிக்கு லைக்கோபெர்டனோசிஸ் என்றே பெயர் இருக்கிறது. இதுவும் அதே மாதிரித் தூள்தான்.

படி 8: நுண்ணோக்கி

வித்துத்தூளைப் பெறுவது எளிது. பையைக் காகிதத்தின் மேல் மெல்லத் தட்டினால் போதும். கண்ணாடித் தகட்டில் வைத்து நேரே நீர் விட்டால் தூள் நனையாமல் மிதந்து, காற்றுக்குமிழிகளோடு கட்டிப்படும். முதலில் ஒரு சொட்டு ஆல்கஹால் விடுங்கள். அது ஆவியாகும் தறுவாயில் 5% பொட்டாசியம் ஹைட்ராக்சைடு அல்லது காட்டன் புளூ என்ற சாயம் சேருங்கள். எண்ணெய் லென்ஸில் 1000 மடங்கில், குறைந்தது 20 ஸ்போர்களை, அதாவது தூளின் தனித்தனி வித்துகளை, அளக்க வேண்டும். ஸ்போரின் மேற்பரப்பில் உள்ள முள்ளையும் சேர்த்து அளந்தீர்களா, விட்டுவிட்டா என்பதைக் குறித்துவையுங்கள். குறிக்காவிட்டால் பின்னால் எதனோடும் ஒப்பிட முடியாது.

ஜியாஸ்ட்ரம் ஸ்போர் உருண்டை, கரடுமுரடு, பெரும்பாலும் 3–6 மைக்ரான். அஸ்ட்ரேயஸ் ஸ்போரும் உருண்டைதான், ஆனால் 7–11 மைக்ரான். வாய் கிழிந்து, கதிர் ஒடிந்து, தண்ணீர்ச் சோதனையும் குழப்பினால் இந்த ஓர் அளவே வழக்கைத் தீர்த்துவிடும். தூளோடு கலந்திருக்கும் நூலிழைகளும் உதவும்: ஜியாஸ்ட்ரத்தில் தடித்த சுவரோடு கிளையில்லாமல் இருக்கும், அஸ்ட்ரேயஸில் கிளைத்துப் பின்னியிருக்கும்.

படி 9: உலர்த்தி வைத்தல்

நிறம், சதையின் தடிமன், விரிந்த அகலம் மூன்றையும் காய்வதற்கு முன் எழுதுங்கள், பிறகு கிடைக்காது. 40–45 பாகை செல்சியஸில் காற்றோட்டத்தோடு ஓர் இரவு உலர்த்துங்கள். அதிகச் சூடு திசுவை வேகவைத்துவிடும், பின்னால் மரபணு எடுப்பதும் கடினமாகும். காய்ந்ததற்கு அடையாளம், கதிர் வளையாமல் ஒடிவது. முழுக்கக் காய்ந்தபின் காற்றுப்புகாத உறையில் போட்டு ஒரு வாரம் உறைபெட்டியில் வைத்தால் பூச்சி முட்டைகள் சாகும். ஈரத்தோடு வைத்தால் வெளியே எடுக்கும்போது நீர் கசிந்து எல்லாம் பாழ்.

சீட்டில் இடம், தேதி, அருகிலுள்ள மரம், மண்வகை, சருகிலா கட்டையிலா என்பது, எடுத்த எண்ணிக்கை ஆகியவை இருக்கட்டும். அதோடு மேலே கேட்ட கேள்விகளுக்கான விடைகளையும் அப்படியே எழுதுங்கள்: மூடுகிறதா, வாய் எவ்வகை, கோடு உண்டா, காம்பு எத்தனை மி.மீ., கிண்ணமா வளையமா, அடி சுத்தமா. இனப்பெயர் பிடிபடவில்லை என்றால் 'ஜியாஸ்ட்ரம், மடிப்புவாய், காம்பு 4 மி.மீ.' என்று எழுதிவிடுங்கள். அந்தச் சீட்டை வைத்து வேறொருவர் பிறகு பெயர் கண்டுபிடித்துவிட முடியும். ஊகத்தில் எழுதிய தவறான பெயரை வைத்து யாராலும் எதுவும் செய்ய முடியாது.